திருப்பி அனுப்புவதா, விசாரிப்பதா? பெற்றோர் கொண்டுபோன பிள்ளைகளும் இந்திய நீதிமன்றங்களும்

பெற்றோரில் ஒருவர் மற்றவருக்குச் சொல்லாமல் பிள்ளையைக் கூட்டிக்கொண்டு வேறு ஊருக்கோ வேறு நாட்டுக்கோ போய்விட்டால் நீதிமன்றம் முதலில் என்ன செய்ய வேண்டும்? பிள்ளையை இருந்த இடத்துக்கே அனுப்பிவைத்து, யாரிடம் வளர்வது என்ற வழக்கை அங்கே நடத்திக்கொள்ளச் சொல்லலாம். அல்லது, பிள்ளை இப்போது இருக்கும் ஊரிலேயே எல்லாவற்றையும் விசாரித்து முடிவு சொல்லலாம். நூறாண்டுக்கு மேலாக இந்த இரண்டு விடைகளுக்கும் நடுவேதான் தீர்ப்புகள் போய்வந்துகொண்டிருக்கின்றன. இரண்டு தரப்பாரும் ‘குழந்தையின் நலன்’ என்றே பேசுவதால், கருத்து வேறுபாடு உண்மையில் எங்கே இருக்கிறது என்பது பல சமயம் மறைந்துபோகிறது.

பரவலாக அறியப்பட்ட ஓரிரண்டைத் தவிர, வழக்குகளை இங்கே பெற்றோரின் பெயரால் குறிக்கவில்லை. ஆண்டையும் நாட்டையும் சொல்லியே குறித்திருக்கிறேன். சட்ட நூல்களின் வழக்கம் வேறு. ஆனால் அந்தப் பெயர்களுக்குப் பின்னால் இருக்கும் பிள்ளைகளில் பலர் இன்று கல்லூரிக்குப் போகிற வயதில் இருக்கிறார்கள்.

தகப்பன் சொத்தாக இருந்த காலம்

ஆங்கிலேயப் பொதுச் சட்டத்தில் 19ஆம் நூற்றாண்டின் தொடக்கம்வரை இந்தக் கேள்விக்கே பெரிதாக இடம் இருக்கவில்லை. பிள்ளை தகப்பனுடையது. 1804இல் லண்டனில் வந்த ஒரு வழக்கில், பால் குடிக்கும் குழந்தையைத் தாயிடமிருந்து பறித்துச் சென்ற தகப்பனின் பக்கமே நீதிமன்றம் நின்றது. தன் பிள்ளைகளைப் பார்க்க முடியாமல் தவித்த எழுத்தாளர் கரோலின் நார்ட்டன் நடத்திய போராட்டத்தின் பின்னணியில் 1839இல் ஒரு சட்டம் வந்தது. ஏழு வயதுக்கு உட்பட்ட பிள்ளைகளைத் தன்னிடம் வைத்துக்கொள்ள தாய் கேட்கலாம் என்ற அளவுக்கே அது வழிவிட்டது. பிள்ளையின் நலனே முதலாவதும் முதன்மையானதும் என்ற விதி இங்கிலாந்தில் சட்டமாக எழுதப்பட 1925 ஆகிவிட்டது.

இந்தியாவில் இந்தச் சிக்கலை முழு வடிவில் காட்டிய முதல் பெரிய வழக்கு சென்னையில்தான் நடந்தது. அடையாறு பிரம்மஞான சபையில் பணிபுரிந்த நாராயணையா, தம் மகன்கள் கிருஷ்ணமூர்த்தி, நித்யானந்தா இருவரையும் வளர்க்கும் பொறுப்பை 1910இல் அன்னி பெசன்ட்டிடம் எழுதிக்கொடுத்தார். பெசன்ட் சிறுவர்களைப் படிப்புக்காக இங்கிலாந்துக்கு அழைத்துப் போய் அங்கேயே விட்டுவைத்தார். மனம் மாறிய தகப்பன் 1912இல் செங்கல்பட்டு மாவட்ட நீதிமன்றத்தில் வழக்குப் போட்டார். வழக்கு சென்னை உயர் நீதிமன்றத்துக்கு மாறியது. பிள்ளைகளை ஒப்படைக்க வேண்டும் என்று 1913இல் தனி நீதிபதி உத்தரவிட்டார். மேல்முறையீட்டு அமர்வும் அதையே சொன்னது. 1914இல் லண்டன் பிரிவி கவுன்சில் இரண்டையும் ரத்துசெய்தது.

பிரிவி கவுன்சில் சொன்ன காரணங்கள் இன்றும் பயன்படுகின்றன. படிக்கப் போய் இங்கிலாந்தில் தங்கியிருக்கும் சிறுவர்களைச் செங்கல்பட்டு மாவட்டத்தில் சாதாரணமாக வசிப்பவர்கள் என்று சொல்ல முடியாது; ஆகவே அந்த நீதிமன்றத்துக்கு அதிகாரமே இல்லை. சிறுவர்களின் கருத்தைக் கேட்க ஏற்பாடு செய்யப்படவும் இல்லை. தகப்பன் வேண்டுமானால் இங்கிலாந்து உயர் நீதிமன்றத்தை அணுகலாம். யாருக்கு அதிகாரம், பிள்ளையின் வசிப்பிடம் எது, பிள்ளையின் குரலை யார் கேட்பது என்று இன்று நாம் அடித்துக்கொள்ளும் மூன்று கேள்விகளும் அந்த ஒரே தீர்ப்பில் இருக்கின்றன. வழக்கு மேலும் கீழும் போய்வந்த காலத்தில் பிள்ளைகள் வளர்ந்துகொண்டிருந்தார்கள் என்ற நான்காவது விஷயமும் அதில் இருக்கிறது. அதைத் தீர்ப்பு பேசவில்லை.

எந்தக் கதவைத் தட்டுவது?

பிள்ளையைப் பறிகொடுத்த பெற்றோர் இன்று தமிழ்நாட்டில் ஒரு வக்கீலிடம் போனால் நாலைந்து வழிகள் அவர் முன் வைக்கப்படும்.

வழக்கமான வழி 1890ஆம் ஆண்டின் காப்பாளர் மற்றும் காப்பில் உள்ளோர் சட்டம். நீதிமன்ற வராந்தாவில் அதற்கு ‘ஜி.டபிள்யூ.ஓ.பி.’ என்று பெயர். காப்பாளரின் பொறுப்பிலிருந்து விலகிப்போன அல்லது விலக்கிக் கொண்டுபோகப்பட்ட பிள்ளையைத் திரும்ப ஒப்படைக்கும்படி 25ஆம் பிரிவின் கீழ் கேட்கலாம். 12ஆம் பிரிவு இடைக்கால உத்தரவுக்கு உரியது. பிள்ளை சாதாரணமாக வசிக்கும் இடத்து நீதிமன்றத்துக்கே அதிகாரம் என்கிறது 9ஆம் பிரிவு. இந்துக்களுக்கு 1956ஆம் ஆண்டின் இளவர் காப்பாளர் சட்டமும் சேர்ந்துகொள்கிறது. ஐந்து வயதுக்கு உட்பட்ட பிள்ளை பொதுவாகத் தாயிடம் இருக்க வேண்டும் என்பதும் (6ஆம் பிரிவு), பிள்ளையின் நலனே முதன்மை என்பதும் (13ஆம் பிரிவு) அதில் உள்ளவை. எழுத்தாளர் கீதா ஹரிஹரன் தொடுத்த வழக்கில், தகப்பன் உயிரோடு இருக்கும்போதே தாயும் இயற்கைக் காப்பாளராகச் செயல்பட முடியும் என்று 1999இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. இந்த மனுக்களைக் குடும்ப நீதிமன்றங்கள் விசாரிக்கின்றன. 1984ஆம் ஆண்டின் குடும்ப நீதிமன்றச் சட்டத்தால் சென்னை உயர் நீதிமன்றத்தின் சொந்த அசல் அதிகாரம் போய்விட்டதா என்ற நெடுநாள் சந்தேகத்துக்கு, போகவில்லை என்று அதன் ஐவர் அமர்வு 2022இல் பதில் சொல்லிவிட்டது.

இந்த வழியின் பலம் முழுமையான விசாரணை: சாட்சி, குறுக்கு விசாரணை, ஆலோசகர் அறிக்கை. பலவீனமும் அதேதான். வாய்தா மேல் வாய்தா விழும்.

அதனால்தான் அவசரக்காரர்கள் எல்லாரும் ஆட்கொணர்வு மனுவுக்கு ஓடுகிறார்கள். அரசமைப்புச் சட்டத்தின் 226ஆம் பிரிவின் கீழ் உயர் நீதிமன்றத்திலும் 32ஆம் பிரிவின் கீழ் உச்ச நீதிமன்றத்திலும் இதைத் தாக்கல் செய்யலாம். நடைமுறை ஏறக்குறைய இப்படி இருக்கும். மனுவில் காவல் ஆய்வாளரும் எதிர்மனுதாரராகச் சேர்க்கப்படுவார். இரு நீதிபதிகள் அமர்வு நோட்டீஸ் அனுப்பி, இன்ன தேதியில் பிள்ளையைக் கொண்டுவந்து நிறுத்தச் சொல்லும். போலீஸ் தேடிப் பிடித்து அழைத்துவரும். நீதிபதிகள் பெற்றோரையும் வக்கீல்களையும் வெளியே அனுப்பிவிட்டுத் தங்கள் அறையில் பிள்ளையிடம் சில நிமிடங்கள் பேசுவார்கள். அன்று மாலையே பிள்ளை கைமாறவும் கூடும். எந்தச் சட்டமும் இவ்வளவு விரைவாக வேலை செய்வதில்லை.

ஆனால் சட்டவிரோதக் காவலில் இருப்பவரை விடுவிக்கத்தான் இந்த மனு. பெற்ற தாயின் மடியிலோ தகப்பன் வீட்டிலோ இருக்கும் பிள்ளை சட்டவிரோதக் காவலில் இருக்கிறது என்று எப்படிச் சொல்வது? 1960இல் வெளியான ஒரு பம்பாய் வழக்கின் தீர்ப்பு முதல் கதவைத் திறந்தது: பிள்ளையை வைத்திருக்கச் சட்டப்படி உரிமையுள்ள தாய்க்கு அதைத் தர மறுப்பதே சட்டவிரோதக் காவல்தான். அங்கே எதிர்த்தரப்பில் நின்றவர் தாயின் உறவினர். இரண்டு பெற்றோரும் நேருக்கு நேர் நிற்கும்போது அந்தத் தர்க்கம் தள்ளாடுகிறது. 2019இல் நீதிபதி ஆர். பானுமதி எழுதிய தீர்ப்பு எல்லை வகுக்க முயன்றது. சாதாரணமாக காப்பாளர் சட்டத்தின் கீழ்தான் போக வேண்டும். வைத்திருப்பவருக்குச் சட்ட உரிமையே இல்லாத நிலையில், விதிவிலக்காக, ஆட்கொணர்வு மனு ஏற்கப்படலாம். அந்த வழக்கிலும் தாய் இறந்த பிறகு பிள்ளையை வைத்திருந்தவர்கள் தாய்வழி உறவினரே. விதிவிலக்கு எது என்பதை ஒவ்வோர் அமர்வும் தன் போக்கில் அளந்துகொள்கிறது. ஒரே மாதிரி விவரங்களோடு போன இரண்டு மனுக்களில் ஒன்று ஏற்கப்பட்டும் மற்றது ‘குடும்ப நீதிமன்றத்துக்குப் போங்கள்’ என்று திருப்பப்பட்டும் வருவது இதனால்தான்.

மற்ற வழிகளைச் சுருக்கமாகச் சொல்லலாம். குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டத்தின் (2005) 21ஆம் பிரிவின்படி மாஜிஸ்திரேட் பிள்ளையைத் தற்காலிகமாக மனுதாரரான பெண்ணிடம் ஒப்படைக்கலாம். தேடுதல் வாரன்ட் கேட்கும் வழி (பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 97, இன்றைய பி.என்.எஸ்.எஸ். 100) இருக்கிறது, ஆனால் தகப்பனோடு இருக்கும் பிள்ளைக்கு அது பொருந்தாது என்று 1998இல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. கடத்தல் புகார் கொடுத்தால் போலீஸ் பெரும்பாலும் ‘இது குடும்பத் தகராறு’ என்று சொல்லி அனுப்பிவிடும். இயற்கைக் காப்பாளரே கூட்டிப் போனது கடத்தல் ஆகாது என்பதே பொதுவான நிலை. நீதிமன்றத் தடை ஏற்கெனவே இருந்தால் கதை வேறு. குடும்பச் சண்டையில் தகப்பனையோ தாயையோ சிறைக்கு அனுப்பிப் பிள்ளைக்கு நல்லது செய்துவிட முடியாது என்பதால் இந்தத் தயக்கத்தில் நியாயம் இருக்கிறது என்றே நினைக்கிறேன்.

முதலில் அனுப்பு, பிறகு பேசு

நாடு விட்டு நாடு வந்த பிள்ளைகள் விஷயத்தில்தான் கொள்கை மோதல் கூர்மையாகிறது. திருப்பி அனுப்பும் தரப்பின் வேர் 1984ஆம் ஆண்டுத் தீர்ப்பு ஒன்றில் இருக்கிறது. இங்கிலாந்தில் வாழ்ந்த பஞ்சாபித் தம்பதி; தகப்பன் சிறுவனை இந்தியாவுக்குக் கொண்டுவந்துவிட்டார். குடும்பம் எந்த நாட்டோடு மிக நெருங்கிய தொடர்பு கொண்டிருந்ததோ அந்த நாட்டு நீதிமன்றமே முடிவுசெய்ய வேண்டும் என்று தலைமை நீதிபதி ஒய்.வி. சந்திரசூட் எழுதினார். பிள்ளை தாயிடம் திரும்பியது. அமெரிக்காவின் மிச்சிகனிலிருந்து தகப்பன் கொண்டுவந்த பிள்ளையையும் இரண்டு, மூன்று ஆண்டுகளில் உச்ச நீதிமன்றம் தாயிடம் திருப்பி அனுப்பியது.

இந்த இரண்டு தீர்ப்புகளையும் மேற்கோள் காட்டுபவர்கள் விவரங்களைக் கொஞ்சம் நிதானமாகப் பார்ப்பது நல்லது. 1984 வழக்கின் தகப்பன், மனைவியைக் கொல்ல ஏற்பாடு செய்த குற்றத்துக்காக இங்கிலாந்தில் தண்டிக்கப்பட்டு, அந்த மனைவியே பரிந்து பேசியதால் வெளியே வந்தவர். அப்படிப்பட்டவரிடமிருந்து பிள்ளையைத் தாயிடம் அனுப்ப ‘நெருங்கிய தொடர்பு’ என்ற கோட்பாடு தேவைப்பட்டிருக்காது. திருப்பி அனுப்புவதும் பிள்ளையின் நலனும் ஒரே திசையைக் காட்டிய வழக்கில் பிறந்த விதி அது. இரண்டும் எதிரெதிர்த் திசையைக் காட்டும்போது அந்த விதிக்கு எவ்வளவு எடை என்பதை அந்தத் தீர்ப்பிலிருந்து அறிய முடியாது.

2009இல் மூன்று நீதிபதிகள் அமர்வு தீர்த்த அமெரிக்க வழக்கு இந்தத் தரப்பின் மிகத் தெளிவான வடிவம். தாய் 2007இல் பிள்ளையோடு இந்தியாவுக்கு வந்து ஊர் ஊராக மாறிக்கொண்டிருந்தார். மாநிலப் போலீஸார் தேடிக் கிடைக்காமல், கடைசியில் சி.பி.ஐ. சென்னையில் கண்டுபிடித்தது. பிள்ளை வந்து வெகுநாளாகிவிடவில்லையென்றால் நீதிமன்றம் சுருக்கமான விசாரணையோடு திருப்பி அனுப்பலாம். வெகுகாலம் தாண்டி இங்கேயே வேரூன்றிவிட்டால் விரிவாக விசாரிக்கலாம் என்று அமர்வு வகுத்தது. இரண்டு ஆண்டுக்கு மேல் ஆகியும் இந்தப் பிள்ளை எங்கும் நிலைத்துப் படிக்கவில்லை என்பதால் திருப்பி அனுப்பியது. கூடவே, தாயின் பயணச் செலவையும் அங்கே தங்கும் செலவையும் தகப்பன் ஏற்க வேண்டும், தாய்மேல் நிலுவையில் உள்ள கைது வாரன்ட்டைக் கைவிடும்படி அவரே கேட்டுக்கொள்ள வேண்டும் என்ற நிபந்தனைகளையும் விதித்தது.

2015இல் கோயம்புத்தூர் தொடர்புள்ள வழக்கில் இந்தத் தரப்பு உச்சத்தைத் தொட்டது. பிரிட்டனில் பிறந்து வளர்ந்த இரண்டு மகள்களோடு தாய் 2012இல் கோவைக்கு வந்து அங்கே குடும்ப நீதிமன்றத்தில் விவாகரத்து கேட்டார். பிரிட்டன் நீதிமன்றம் பிள்ளைகளைத் தன் பாதுகாப்புக்குக் கீழ்க் கொண்டுவந்து, திருப்பி அனுப்ப உத்தரவிட்டது. சென்னை உயர் நீதிமன்றம் தகப்பனின் ஆட்கொணர்வு மனுவைத் தள்ளியது. உச்ச நீதிமன்றம் ஏற்றது. யாருடைய நீதிமன்றம் முதலில் செயலூக்கமுள்ள இடைக்கால உத்தரவு போட்டதோ அதற்கு மரியாதை தர வேண்டும் என்று நீதிபதி மதன் லோக்கூர் எழுதினார்.

இந்தத் தரப்பின் வாதம் வலுவற்றதல்ல. அத்துமீறியவருக்குப் பலன் கிடைக்கக் கூடாது. வீடும் பள்ளியும் மருத்துவரும் சாட்சிகளும் இருக்கும் நாட்டில்தான் நலனை ஒழுங்காக விசாரிக்க முடியும். ஆனால் முதல் உத்தரவுக்கு முதல் மரியாதை என்றால், அது யார் முதலில் வக்கீலிடம் ஓடுகிறார்கள் என்ற பந்தயமாகிவிடும். வெளிநாட்டு உத்தரவுகளில் பல, பிள்ளை விமானம் ஏறிய பிறகு, எதிர்த்தரப்பு இல்லாமலே போடப்பட்ட ஒருதலைப்பட்ச உத்தரவுகள். அவற்றில் நலனைப் பற்றிய விசாரணையே நடந்திருக்காது.

நலன் என்றால் நலன்தான்

எதிர்த்தரப்பின் மூல நூல் 1951ஆம் ஆண்டு பிரிவி கவுன்சில் தீர்த்த கனடா வழக்கு: வெளிநாட்டு உத்தரவை மதிக்க வேண்டும், ஆனால் அதற்குக் கட்டுப்பட வேண்டியதில்லை. 1997இல் நீதிபதி ஜெகந்நாத ராவ் அதை இந்தியாவுக்குள் கொண்டுவந்தார். அந்தப் பிள்ளை பத்தாண்டுக்கு மேல் தாயோடு இந்தியாவில் வளர்ந்துவிட்டது. அமெரிக்க உத்தரவைக் காட்டி அதை இப்போது பெயர்த்தெடுக்க முடியாது என்று தீர்ப்பானது.

2017இல் மூன்று நீதிபதிகள் அமர்வுக்காக நீதிபதி கான்வில்கர் எழுதிய தீர்ப்பு இந்தத் தரப்பை மேலே ஏற்றியது. இதய நோயுள்ள சிறுமியோடு தாய் பிரிட்டனிலிருந்து டெல்லிக்கு வந்திருந்தார். கணவர் கொடுமைப்படுத்தியதாகப் புகார் சொன்னார். திருப்பி அனுப்பச் சொன்ன டெல்லி உயர் நீதிமன்றத் தீர்ப்பு ரத்தானது. வெளிநாட்டு உத்தரவு கருதத்தக்க பல அம்சங்களில் ஒன்று மட்டுமே. சுருக்க விசாரணையா விரிவான விசாரணையா என்பதையும் பிள்ளையின் நலனே தீர்மானிக்கும். பெற்ற தாயிடம் இருக்கும் சிறுமியைச் சட்டவிரோதக் காவலில் இருப்பதாக எளிதில் கருத முடியாது. 2015இன் ‘முதல் உத்தரவு’ கோட்பாட்டைப் பெயர் சொல்லியே அமர்வு நிராகரித்தது. இன்று ஆளும் விதி இதுதான்.

பிரச்சினை என்னவென்றால், ‘நலன்’ எந்தப் பக்கமும் திரும்பும். 2020இல் உச்ச நீதிமன்றம் அதே அளவுகோலை வைத்து ஒரு பிள்ளையை அமெரிக்காவுக்கு அனுப்பியது. 2022இல் டி.ஒய். சந்திரசூட், பர்திவாலா அமர்வு, தகப்பன் அமெரிக்காவிலிருந்து தமிழ்நாட்டுக்குக் கொண்டுவந்த இரண்டு பிள்ளைகளைத் தாயிடம் திருப்பி அனுப்பியது. 1984இல் தந்தை சந்திரசூட் சென்ற பாதையில் மகனும் போனதை வரலாற்று விநோதம் என்று வைத்துக்கொள்ளலாம். அதே ஆண்டு பெங்களூரு தொடர்புள்ள வழக்கில், இங்கேயே இருக்க விரும்புவதாகச் சிறுவன் சொல்லியும், பிள்ளையின் விருப்பம் வேறு, நலன் வேறு என்று சொல்லி அமெரிக்காவுக்கு அனுப்பியது. எல்லாம் 2017 தீர்ப்பை மேற்கோள் காட்டியே நடந்தவை. ஒரே அளவுகோலிலிருந்து எதிரெதிர் முடிவுகள் வருமானால், அளவுகோலுக்கு வெளியே ஏதோ ஒன்று முடிவைத் தீர்மானிக்கிறது என்றுதான் கொள்ள வேண்டும். தீர்ப்புகளை வரிசையாக வைத்துப் படித்தால் அந்த ஒன்று பெரும்பாலும் காலம்தான் என்று எனக்குத் தோன்றுகிறது. சீக்கிரம் வந்த வழக்குகளில் பிள்ளை திரும்பிப் போகிறது. இழுத்த வழக்குகளில் ‘வேரூன்றிவிட்டது’ என்று இங்கேயே தங்குகிறது. விலக்குகள் உண்டு. ஆனால் இழுத்தடிப்பதில் ஆதாயம் உண்டு என்பதை எந்த வக்கீலும் கட்சிக்காரருக்குச் சொல்லத் தயங்கமாட்டார்.

ஹேக் உடன்படிக்கை: இந்தியா ஏன் வெளியே நிற்கிறது?

காலத்தைக் கட்டுப்படுத்தவே 1980ஆம் ஆண்டின் ஹேக் உடன்படிக்கை உருவானது. 1983இல் நடைமுறைக்கு வந்தது. இன்று 100க்கும் மேற்பட்ட நாடுகள் அதில் இருக்கின்றன. 16 வயதுக்கு உட்பட்ட பிள்ளையை வழக்கமாக வசித்த நாட்டிலிருந்து அத்துமீறிக் கொண்டுபோயிருந்தால் உடனே திருப்பி அனுப்ப வேண்டும். யாரிடம் வளர்வது என்பதைத் திருப்பி அனுப்பும் நீதிமன்றம் பேசக் கூடாது. ஆறு வாரத்தில் முடிவு வராவிட்டால் ஏன் தாமதம் என்று கேட்கலாம். ஓராண்டுக்குப் பிறகு மனு வந்து, பிள்ளை புதிய இடத்தில் நிலைகொண்டுவிட்டதாக நிரூபித்தால் விலக்கு உண்டு. உடலுக்கோ மனத்துக்கோ கடும் ஆபத்து இருந்தாலும், விவரம் தெரிந்த வயதுப் பிள்ளை மறுத்தாலும் விலக்கு உண்டு.

இலங்கை 2001இலேயே சேர்ந்து, அதற்கென ஒரு சட்டமும் இயற்றிவிட்டது. சிங்கப்பூர் 2010இல், ஜப்பான் 2014இல், பாகிஸ்தான் 2016இல் சேர்ந்தன. பின்னால் சேரும் நாட்டுக்கும் ஏற்கெனவே இருக்கும் நாட்டுக்கும் இடையே, பழைய நாடு அந்தச் சேர்க்கையை ஏற்றுக்கொண்டால்தான் உடன்படிக்கை செல்லும் என்பதால் பெயர்ப் பட்டியல் மட்டும் முழுக் கதையையும் சொல்லாது.

இந்தியா சேரவில்லை. சட்ட ஆணையம் 2009இல் தன் 218ஆம் அறிக்கையில் சேரச் சொன்னது. பஞ்சாப்–அரியானா உயர் நீதிமன்றம் 2016இல் கேள்வியை மீண்டும் கிளப்ப, அரசு ஒரு வரைவு மசோதாவைத் தயாரித்தது. ஆணையம் 263ஆம் அறிக்கையில் அதைத் திருத்திக் கொடுத்தது. பெண்கள் அமைப்புகளின் எதிர்ப்புக்குப் பிறகு நீதிபதி ராஜேஷ் பிந்தல் தலைமையில் குழு அமைக்கப்பட்டு, 2018இல் அறிக்கை வந்தது. அதன் பிறகும் சட்டம் வரவில்லை. பெற்றோர் பிள்ளையைக் கொண்டுபோகும் விவகாரங்களில் ஒத்துழைக்காத நாடு என்று அமெரிக்க வெளியுறவுத் துறை ஆண்டறிக்கையில் இந்தியா தொடர்ந்து குறிக்கப்பட்டுவருகிறது.

எதிர்ப்பின் சாரம் இது. உடன்படிக்கையை எழுதியவர்கள் மனத்தில் இருந்தது, பிள்ளையைப் பறித்துக்கொண்டு ஓடும் தகப்பன். பின்னால் எடுத்த கணக்குகளில் கொண்டுபோனவர்களில் பத்துக்கு ஏழு பேர் தாய்மார்கள் என்று தெரிந்தது. கணவரின் விசாவை நம்பி வெளிநாடு போய், வேலைசெய்ய அனுமதியில்லாமல், அடிபட்டு, தாய்வீட்டுக்குத் திரும்பும் பெண்ணை ‘கடத்தியவர்’ என்று முத்திரை குத்தி, அதே ஊருக்கு அனுப்புவது எப்படி நியாயம்? சென்னை, ஹைதராபாத், அகமதாபாத் குடும்பங்களுக்கு இது கற்பனைக் கதை அல்ல.

உடன்படிக்கை நாடுகளும் இதைக் கேட்டுக்கொண்டிருக்கின்றன. கடும் ஆபத்து என்ற விலக்குக்கான நடைமுறைக் கையேடு 2020இல் வெளியானது. ஆபத்து நிரூபணமான பிறகு, அதைத் தணிக்கும் எல்லா ஏற்பாடுகளையும் ஆராய்ந்தே ஆக வேண்டும் என்ற கட்டாயம் இல்லை என்று அமெரிக்க உச்ச நீதிமன்றம் 2022இல் தீர்ப்பளித்தது. ஆஸ்திரேலியா அதே ஆண்டு தன் விதிகளில் குடும்ப வன்முறையை வெளிப்படையாகச் சேர்த்தது. ஆகவே 1980இல் எழுதியதை வைத்து இன்றைய உடன்படிக்கையை மதிப்பிடுவது முழுச் சரியல்ல. அதேசமயம், ஆறு வார அவசரத்தில் வன்முறைப் புகாரை எப்படிச் சரிபார்ப்பது என்ற கேள்விக்கு அந்த நாடுகளிடமும் திருப்தியான பதில் இல்லை.

காகிதத்தில் உள்ள உறுதிமொழி

திருப்பி அனுப்புவதா என்பதைப் பற்றி எழுதப்பட்ட அளவுக்கு, அனுப்பிய பிறகு என்ன ஆகிறது என்பதைப் பற்றி எழுதப்படவில்லை. செலவு தருகிறேன், வீடு பார்த்துத் தருகிறேன், வழக்கை வாபஸ் வாங்குகிறேன் என்று இந்திய நீதிமன்றத்தில் சொன்ன உறுதிமொழியை அங்கே மீறினால் யாரிடம் போவது? ‘மிரர் ஆர்டர்’ என்ற ஏற்பாடு இதற்காகவே பயன்பட்டது: இந்திய உத்தரவின் நிபந்தனைகளை அப்படியே தாங்கிய உத்தரவை அந்த நாட்டு நீதிமன்றத்தில் முதலில் பெற்று வர வேண்டும்.

2020இல் உச்ச நீதிமன்றம் பெரும்பான்மைத் தீர்ப்பில் ஒரு பிள்ளையைக் கென்யாவில் உள்ள தகப்பனிடம் ஒப்படைக்க இப்படி ஒரு உத்தரவைக் கேட்டது. நைரோபியிலிருந்து காகிதம் வந்தது; பிள்ளை போனது. தாய்க்கு வாக்களித்த சந்திப்புகள் நடக்கவில்லை. வந்த காகிதமே செல்லத்தக்கதல்ல என்று தெரிந்து, 2021இல் உச்ச நீதிமன்றம் தன் உத்தரவைத் திரும்பப் பெற்றது, சி.பி.ஐ. வழக்குப் பதியச் சொன்னது. பிறகு தகப்பனை நீதிமன்ற அவமதிப்புக்காகத் தண்டித்தது. தண்டனை டெல்லியில் அறிவிக்கப்பட்டது. பிள்ளை கென்யாவில். ஹேக் உடன்படிக்கையை ஆதரிக்கும் பக்கத்துக்கு இதைவிட வலுவான சான்று இந்திய வழக்குகளில் இல்லை: இரு நாட்டுக்கும் இடையே மத்திய அதிகாரி என்று ஒருவர் இருந்திருந்தால், அந்தக் காகிதத்தைச் சரிபார்க்க ஒரு தொலைபேசி அழைப்பு போதும்.

நாட்டுக்குள் நடப்பது

வெளிநாட்டு வழக்குகள் சட்ட இதழ்களை நிரப்புகின்றன. எண்ணிக்கையில் அதிகம் இருக்கக்கூடியது ஒரு மாநிலத்திலிருந்து இன்னொரு மாநிலத்துக்கு, ஏன், ஒரு மாவட்டத்திலிருந்து இன்னொன்றுக்குக் கொண்டுபோவதுதான். பெங்களூரில் படிக்கும் பிள்ளையைப் பள்ளி வாசலிலிருந்தே அழைத்துக்கொண்டு திருநெல்வேலிக்கு வந்துவிட்டால் என்ன விதி? உடனே திருப்பி அனுப்ப வேண்டும் என்று எந்தச் சட்டமும் சொல்லவில்லை. 1890ஆம் ஆண்டுச் சட்டத்தின் ‘சாதாரணமாக வசிக்கும் இடம்’ என்ற வரையறையை வைத்து முதலில் அதிகாரச் சண்டை நடக்கும். இரண்டு ஊரிலும் மனுக்கள் இருக்கும். வழக்கை மாற்றக் கேட்டு உச்ச நீதிமன்றத்தில் ஒரு மனு போகும். இதற்குள் பிள்ளை புதிய பள்ளியில் ஒரு வகுப்பு தாண்டியிருக்கும். 2011இல் உச்ச நீதிமன்றம், சாதாரண வசிப்பிடம் என்பது ஒவ்வொரு வழக்கின் விவரத்தைப் பொறுத்தது என்றது. சரியான பதில்தான், ஆனால் விவரத்தை ஆராய நாளாகும்.

வெளிநாட்டு வழக்குகளுக்கு மட்டும் விரைவு விதி கொண்டுவரும் எந்தச் சட்டமும் ஒரு வேடிக்கையான நிலையை உண்டாக்கும். நியூஜெர்சியிலிருந்து வந்த பிள்ளை ஆறு வாரத்தில் திரும்ப, மைசூரிலிருந்து வந்த பிள்ளை ஆறாண்டு காத்திருக்கும். வரைவு மசோதாவும் அதை ஆராய்ந்த குழுவும் நாடு தாண்டிய விவகாரத்தோடு நின்றுகொண்டன. பிள்ளையை வெளியே கொண்டுபோகக் கூடாது என்ற தடையுத்தரவும் பாஸ்போர்ட்டை நீதிமன்றத்தில் ஒப்படைக்கும் நிபந்தனையும் வழக்குத் தொடங்கும்போதே கேட்டால் பலன் தரும். கேட்காமல் விட்டவருக்குப் பிறகு கிடைப்பதெல்லாம் மெதுவான வழிதான்.

இன்னும் தீராதவை

பிள்ளையின் குரலை எப்படிக் கேட்பது என்பதில் ஒழுங்கு இல்லை. விவரம் தெரிந்த வயதுப் பிள்ளையின் விருப்பத்தைக் கணக்கில் எடுக்கலாம் என்று காப்பாளர் சட்டத்தின் 17ஆம் பிரிவு அனுமதிக்கிறது. நீதிபதியின் அறையில் பத்து நிமிடம் பேசிப் பெறும் விருப்பம், ஆறு மாதமாக ஒரே பெற்றோரோடு இருந்த பிள்ளையின் வாயிலிருந்து வரும்போது, யாருடைய விருப்பம்? ஒருவருக்கு எதிராகப் பிள்ளையின் மனத்தை மாற்றிவிடும் போக்கை உச்ச நீதிமன்றம் 2017இலேயே சுட்டிக்காட்டியது. ஆனால் அந்தக் குற்றச்சாட்டே வன்முறையிலிருந்து தப்பிவந்த தாய்க்கு எதிரான ஆயுதமாகவும் பயன்படுகிறது என்ற விமர்சனம் உலகெங்கும் இருக்கிறது. உளவியல் மதிப்பீட்டைக் கட்டாயமாக்கினால் தாமதம் கூடும்; தவிர்த்தால் ஊகத்தில் தீர்ப்பு வரும்.

வழக்கு நிலுவையில் இருக்கும் நாட்களில் மற்ற பெற்றோரோடு பேசும் உரிமை பற்றி ஓரளவு இணக்கம் உருவாகியிருக்கிறது. பிள்ளையை அமெரிக்காவுக்கு அனுப்பிய 2020 தீர்ப்பு, நேரில் பார்க்க முடியாவிட்டால் தினமும் வீடியோ அழைப்பு என்பதை ஏறக்குறைய விதியாகவே சொன்னது. இது செலவில்லாத, உடனே செய்யக்கூடிய ஏற்பாடு. பிள்ளை ‘வேரூன்றிவிட்டது’ என்ற வாதத்தின் கூர்மையையும் ஓரளவு குறைக்கும்.

இந்தியா உடன்படிக்கையில் சேர வேண்டுமா என்ற கேள்வியில் என் சாய்வு, நிபந்தனையோடு சேரலாம் என்ற பக்கம். அந்த நிபந்தனையை எப்படி எழுதுவது என்பதில்தான் உறுதியான விடை யாரிடமும் இல்லை. வன்முறைப் புகார் இருந்தால் விலக்கு என்று எழுதினால் ஒவ்வொரு வழக்கிலும் புகார் இருக்கும். நிரூபித்தால்தான் விலக்கு என்றால், சாட்சிகள் வேறு கண்டத்தில் இருக்கும்போது எந்தப் பெண்ணாலும் நிரூபிக்க முடியாது. பூர்வாங்க அளவில் நம்பத்தக்க ஆதாரம் போதும் என்ற நடுவழி பேசப்படுகிறது. அதை எந்த நீதிமன்றம், எத்தனை நாளில், யாருடைய உதவியோடு எடைபோடும் என்பது இன்னும் எழுதப்படவில்லை. தனிக் குடும்ப நீதிமன்றமே இல்லாமல் மாவட்ட நீதிமன்றத்தை நம்பியிருக்கும் ஊர்களில் இந்தக் கேள்விக்கு என்ன விடை என்பதையும் யாராவது யோசித்தாக வேண்டும்.